கே, ஏ, எல், ஐ என்று எழுதிய டிஸ்க்

என் மகளிடம் நான் அதிகமாகச் சொன்ன வாக்கியம் "அந்தக் கேமை மூடிட்டு எழுந்து வா" என்பதாகத்தான் இருக்கும். கல்கத்தா பவானிபூரில் எங்கள் மாடி வீட்டின் முன்னறையில், அவள் எட்டாம் வகுப்பில் இருந்த நாளிலிருந்து வேலை கிடைத்துப் புனேவுக்குப் போகிற வரை, காலையும் மாலையும் அதை ஓதினேன். கண் கெட்டுவிடும் என்றேன். மூளை மழுங்கிவிடும் என்றேன். அவள் வங்காளியில் ஏதோ முணுமுணுப்பாள். வீட்டில் தமிழ் பேசினாலும் அவளுக்குக் கோபம் வங்காளியில்தான் வரும்.

புனேவுக்குப் போகும்போது கேம் பெட்டியை டிவிக்குக் கீழேயே விட்டுவிட்டுப் போனாள். "அம்மா, தூசி மட்டும் படாம பாத்துக்கோ" என்றாள். நான் பேச்சை மீறாதவள். தினமும் துடைத்தேன். துடைத்த கை ஒரு நாள் பொத்தானில் பட்டுவிட்டது. அதற்கப்புறம் இரண்டு வருஷமாகக் கை அங்கேயேதான் இருக்கிறது.

என் கேமில் சண்டை கிடையாது, ரத்தம் கிடையாது. ஒரு தீவு இருக்கும். அதில் நமக்கு ஒரு துண்டு நிலம் கொடுப்பார்கள். பூசணி போடலாம், கோழி வளர்க்கலாம், மேகம் மூடினால் பாலத்தில் நின்று மீன் பிடிக்கலாம். வங்கியில் முப்பத்து நான்கு வருஷம் கவுண்டரில் உட்கார்ந்து ஊரார் முகத்தைப் பார்த்தவளுக்கு, பேசாத மீனைப் பார்ப்பதில் இருக்கிற சுகம் சொல்லி மாளாது. கல்கத்தாவில் அறுபதாண்டு இருந்தும் மீனைத் தொடாத குடும்பம் எங்களுடையது. டிவியில் மட்டும் இதுவரை இரண்டாயிரத்துச் சொச்சம் பிடித்திருக்கிறேன்.

இது யாருக்கும் தெரியாது. மகளிடம் சொன்னால் என் பத்து வருஷப் பிரசங்கம் ஒரே நாளில் சந்தி சிரிக்கும். கணவரிடம் சொன்னால் அவர் மகளிடம் சொல்லிவிடுவார். அவர் வயிற்றில் எதுவும் தங்காது. அவர் மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் ஓய்வு பெற்றவர். தினமும் இரண்டு மணிக்குத் தெரு க்ளப்புக்குப் போய்ப் பேப்பர் படித்து, கேரம் ஆடி, நாலரைக்குத்தான் திரும்புவார். இரண்டரையிலிருந்து நாலேகால் வரை தீவு என்னுடையது. நாலேகாலுக்கு டிவியை அணைத்துவிட்டு, அது சூடாக இருப்பது தெரியாமல் இருக்க ஃபேனை வேகமாக வைப்பேன்.

போன வருஷம் துர்கா பூஜை முடிந்து காளி பூஜைக்கு இரண்டு வாரம் இருக்கும்போது, ஒரு திங்கட்கிழமை, கேம் திறக்க மாட்டேன் என்றது. புதிதாக ஏதோ இறக்க வேண்டுமாம், பெட்டியில் இடம் இல்லையாம். இடத்தை யார் அடைத்துக்கொண்டிருக்கிறார்கள் என்று பார்த்தேன். எல்லாம் மகளின் ஆட்கள். ஒரு துப்பாக்கிக்காரன் பாதிப் பெட்டியை வளைத்துப் போட்டிருந்தான். அவனுக்குப் பக்கத்தில் கால்பந்து, அதற்கப்புறம் இரண்டு கார் பந்தயம். என் தீவு மூலையில் ஒண்டிக் குடித்தனம்.

அழித்துவிடலாம்தான். ஆனால் அவள் வருஷக்கணக்காக ஆடியதை அழிக்க மனசு வரவில்லை. அழித்தால் யார் அழித்தது என்ற கேள்வியும் வரும். போனில் தேடியபோது ஒரு பையன் இந்தியில் மூச்சு விடாமல் விளக்கியிருந்தான்: வெளியே ஒரு டிஸ்க்கைச் செருகுங்கள், பெட்டியே அதைத் தனக்குத் தகுந்தபடி தயார் செய்துகொள்ளும், அப்புறம் எந்தக் கேமை வேண்டுமானாலும் அதற்கு மாற்றிவிடலாம். வேண்டுமென்றால் திரும்ப அழைத்துக்கொள்ளலாம். வங்கிக்காரிக்கு இது புரியாதா? டிரான்ஸ்ஃபர். என்னை ஒரு தடவை சாந்த்ராகாச்சி கிளைக்குப் போட்டார்கள். இரண்டு வருஷம் ஹவுரா பக்கம் பஸ்ஸில் தொங்கினேன். துப்பாக்கிக்காரன் மட்டும் என்ன உசத்தி?

டிஸ்க் வேண்டும். இங்கே என் கணவரின் ஒரு பழக்கத்தைச் சொல்லியாக வேண்டும். அவர் எதிலும் பெயர் எழுதி ஒட்டுவார். சமையலறையில் ஒரு டப்பா தப்பாது. மகளுக்குத் தமிழ் பேசத் தெரியும், படிக்க வராது என்பதால் எல்லாம் ஆங்கில எழுத்தில் தமிழ்: உளுந்து, மிளகு, வெல்லம். தீர்ந்துபோன டப்பாவைக் கழுவி, பழைய பெயரைக் கிழித்து, சிவப்பு மார்க்கரில் கே, ஏ, எல், ஐ என்று பெரிய எழுத்தில் எழுதிவிடுவார். காலி. எங்கள் வீட்டில் இது ராஜ முத்திரை. அதைப் பார்த்தால் நான் திறந்துகூடப் பார்க்க மாட்டேன், நேராக எதையாவது கொட்டிவிடுவேன்.

டிவி மேஜையின் மேல் டிராயரைத் திறந்தேன். இடது பக்கத்தில் கறுப்பாக ஒரு டிஸ்க். அதன் முதுகில் வெள்ளைக் காகிதம். காகிதத்தில் சிவப்பு எழுத்து. கே, ஏ, எல், ஐ.

மனுஷன் எவ்வளவு ஒழுங்கு என்று மனசுக்குள் மெச்சினேன். கல்யாணமாகி முப்பத்தோரு வருஷத்தில் அவரை நான் மெச்சியது அபூர்வம். அன்றைக்கென்று பார்த்து மெச்சினேன்.

செருகியதும் பெட்டி கேட்டது: இந்த டிஸ்க்கில் இருப்பது எல்லாம் அழிந்துவிடும், பரவாயில்லையா? காலி டிஸ்க்கில் அழிய என்ன இருக்கிறது, கேள்வியைப் பார் என்று ஆமாம் போட்டேன். இன்னொரு தடவை கேட்டது. வங்கியிலும் இப்படித்தான் நாங்கள் இரண்டு தடவை கேட்போம், வாடிக்கையாளர் இரண்டு தடவையும் படிக்காமல் தலையாட்டுவார். நானும் ஆட்டினேன். அப்புறம் துப்பாக்கிக்காரனை முதலில் அனுப்பினேன். சாமானியத்தில் கிளம்பவில்லை. ஒரு மணி நேரத்துக்கு மேல் நகர்ந்தான். அவன் பின்னால் கால்பந்து போனது. நாலேகாலுக்கு என் தீவு திறந்தது. ஒரு பூசணி பறித்துவிட்டு அணைத்தேன். வெற்றிக் களிப்பில் ஃபேன் போட மறந்துவிட்டேன்.

மறுநாள் காலை காபி குடிக்கும்போது அவர் டிராயரைத் திறந்தார். மூடினார். மறுபடி திறந்தார்.

"இங்க வெச்சிருந்த காளி எங்க?" என்றார்.

ள என்ற எழுத்தை அவர் அவ்வளவு அழுத்திச் சொல்லி நான் கேட்டதில்லை. கையில் இருந்த டம்ளர் அப்படியே நின்றுவிட்டது.

"எந்தக் காளி?"

"க்ளப் டிஸ்க்குமா. ஞாயித்துக்கிழமை பெஹாலா போய் அந்த வீடியோக்காரர்கிட்ட வாங்கிட்டு வந்தேனே. சொன்னேனே உங்கிட்ட."

சொல்லியிருந்தார். நான் ம் கொட்டியிருந்தேன். அப்போது என் மனசு முழுக்க ஒரு விலாங்கு மீன் இருந்தது. இப்போது எல்லாம் ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது. க்ளப்பின் ஏழு வருஷக் காளி பூஜை வீடியோவும் ஒரே டிஸ்க்கில். அதிலிருந்து நல்லதாக அரை மணி நேரம் பொறுக்கி எடுத்தால் பந்தலுக்குப் பக்கத்தில் திரை கட்டிக் காட்டுவார்கள். பொறுக்குகிற வேலை என் கணவருக்கு. அந்தத் தெருவில் இருபத்தெட்டு வருஷமாகக் குடியிருக்கிறோம். அத்தனை வருஷமும் பூஜையில் அவருக்குக் கொடுத்த வேலை பிரசாதக் கிச்சடி வரிசையில் நின்று யாரும் இரண்டு தடவை வராமல் பார்ப்பது. முதல் தடவையாக ஒரு பெரிய பொறுப்பு. ஞாயிற்றுக்கிழமை டிஸ்க்கைச் சட்டைப் பையில் வைத்து, மேலே கையை வைத்துக்கொண்டு பஸ்ஸில் வந்தாராம்.

அப்போதே சொல்லியிருக்க வேண்டும். வாய் திறந்தேன். ஆனால் "அழிச்சிட்டேன்" என்று சொன்னால் அடுத்த கேள்வி "எதுக்கு?" என்று வருமே. அந்த எதுக்கைத் தாண்ட முடியாமல் நான் வேறொன்று சொன்னேன். இன்றைக்கும் அதை நினைத்தால் என் மேல் எனக்கே பற்றிக்கொண்டு வருகிறது.

"பஸ்லயே விட்டிருப்பீங்க" என்றேன்.

"இல்லையே. மேல் டிராயர்லதான வெச்சேன்."

"வெச்ச மாதிரி இருந்திருக்கும். போன வாரம் கண்ணாடியை நெத்தில வெச்சுக்கிட்டே வீடு பூரா தேடினீங்களே."

டிராயரை மெதுவாக மூடினார்.

அவர் க்ளப்புக்குப் போனதும் நான் கேம் பெட்டிக்குப் பின்னால் மறைந்து கிடந்த டிஸ்க்கைப் பிடுங்கி முந்தானையில் மறைத்துக்கொண்டு, இரண்டு தெரு தள்ளி இருக்கிற கம்ப்யூட்டர் ரிப்பேர் கடைக்கு ஓடினேன். கடைக்காரர் கேட்டுவிட்டு உதட்டைப் பிதுக்கினார். சும்மா அழித்திருந்தால் கொஞ்சம் மீட்கலாமாம். "ஆனா நீங்க அழிச்சதோட விடல தீதி, அதுக்கு மேலயே இவ்வளவு பெரிய கேமைக் குடி வெச்சிருக்கீங்க" என்றார். கேம் பையனுக்கா என்று கேட்டார். ஆமாம் என்றேன். எனக்குப் பையனே கிடையாது.

வீட்டுக்கு வந்து டிஸ்க்கை எங்கே ஒளிப்பது என்று யோசித்தேன். காலி என்று எழுதிய டப்பா ஒன்று அலமாரியில் இருந்தது. எங்கள் வீட்டில் அதைவிடப் பத்திரமான இடம் இல்லை. உள்ளே போட்டு மூடினேன். கேம் பெட்டிப் பக்கம் திரும்பவே இல்லை. பூசணி வாடினால் வாடட்டும், கோழி பட்டினி கிடந்தால் கிடக்கட்டும்.

அவர் தேடினார். கட்டில் அடியில், மருந்துப் பெட்டியில், அழுக்குத் துணியில், சாமி அலமாரியில். தேடி முடித்த இடத்தில் மறுபடி தேடினார். புதன்கிழமை பெஹாலாவுக்கே போய், பஸ் நிற்கும் இடத்தில் ஒவ்வொரு கண்டக்டராகக் கேட்டுவிட்டு வந்தார். வெயிலில் முகம் கறுத்துப் போயிருந்தது. அன்றைக்குச் சாயங்காலத்திலிருந்து அவர் தேடவில்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. எது செய்தாலும் வாய்விட்டுச் சொல்ல ஆரம்பித்தார். "கேஸ் மூடிட்டேன்." "சாவி ஆணியில மாட்டிட்டேன்." ஒரு சின்ன நோட்டில் ஏதோ எழுதி வைத்துக்கொண்டார். நான் எட்டிப் பார்த்தேன். காலை மாத்திரை சாப்பிட்டாச்சு என்று எழுதியிருந்தது. டப்பாவில் எல்லாம் பெயர் ஒட்டியவர், இப்போது தனக்கே ஒட்டிக்கொள்கிறார்.

வியாழக்கிழமை சாயங்காலம் டீ குடிக்கும்போது, ஜன்னலைப் பார்த்தபடி சொன்னார்.

"எங்கப்பாவுக்கு இந்த வயசுலதான் ஆரம்பிச்சுது. முதல்ல சாவி. அப்புறம் தெரு. கடைசில எங்க பேர்."

"அதெல்லாம் ஒண்ணும் இல்ல" என்றேன்.

"நான் டிராயரைத் திறந்தது, வெச்சது, மூடினது எல்லாம் கண்ணு முன்னாடி நிக்குது. ஆனா அது நடக்கல. நடக்காதது இவ்வளவு தெளிவா ஞாபகம் இருந்தா அது என்ன வியாதி? நாளைக்கு டாக்டரைப் பாத்துடலாம்னு இருக்கேன். பாப்பாகிட்ட சொல்லாத."

சொல்லிவிடுவது என்று முடிவு செய்து டீ டம்ளரைக் கீழே வைத்தேன். சத்தியமாகச் சொல்கிறேன், வாயைத் திறந்துவிட்டேன். அதற்குள் அவர் போன் அடித்தது. பாப்பா. அதாவது மகள். அவர் முகத்தைச் சரி செய்துகொண்டு ஸ்பீக்கரில் போட்டார்.

"அப்பா, அம்மாவுக்கு உடம்பு சரியில்லையா? உண்மையைச் சொல்லு."

"நல்லாத்தான இருக்கா. பக்கத்துலதான் இருக்கா. ஏன்?"

"அப்புறம் ஏன் மூணு நாளா ஆடல?"

அவர் என்னைப் பார்த்தார். நான் பிஸ்கட் தட்டைப் பார்த்தேன்.

"யாரு? என்ன ஆடல?"

"கேம்பா! அம்மா தினமும் ரெண்டரைக்கு உக்காருவா. என் பேர்ல, என் அக்கவுண்ட்ல. என் போன்ல டிங் டிங்னு வரும். நான் மீட்டிங்ல உக்காந்திருப்பேன், இங்க என் பேர்ல மீன் பிடிச்சாச்சு, பூசணி பறிச்சாச்சுன்னு வந்துக்கிட்டே இருக்கும். என் டீம்ல எல்லாரும் என்னைக் கிண்டல் பண்றாங்க. ரெண்டு வருஷமா வாங்கிக் கட்டிக்கிறேன்."

"உனக்கு ரெண்டு வருஷமா தெரியுமா?" என்று நான் கத்தினேன்.

"தெரியாமலா? சொன்னா நீ நிறுத்திடுவ. நான் அந்த டிங்கைத்தான் பாத்துக்கிட்டு இருந்தேன்மா. அது வந்தா வீட்ல எல்லாம் சரியா இருக்குன்னு நெனச்சுப்பேன். செவ்வாய்க்கிழமை வரல. நேத்து வரல. இன்னிக்கும் ரெண்டரை தாண்டிடுச்சு. எனக்குப் பயமா ஆயிடுச்சு. கீ ஹோலோ, பலோ நா?"

என்ன ஆச்சு, சொல்லேன் என்று அவள் வங்காளியில் கேட்டபோது குரல் கொஞ்சம் உடைந்திருந்தது. கோபம்தான் வங்காளியில் வரும் என்று இத்தனை வருஷம் நினைத்துக்கொண்டிருந்தேன்.

எழுந்துபோய் டப்பாவைக் கொண்டுவந்து மேஜை மேல் வைத்துத் திறந்தேன். எல்லாவற்றையும் சொன்னேன். துப்பாக்கிக்காரன், டிராயர், இரண்டு தடவை தலையாட்டியது, ரிப்பேர் கடை, இல்லாத பையன் வரைக்கும். பஸ்ஸில் விட்டிருப்பீர்கள் என்று நான் சொன்னது தெரிந்தே சொன்னது என்பதையும் சொன்னேன். அழுதுகொண்டேதான் சொன்னேன். போனில் மகளும் கேட்டுக்கொண்டிருந்தாள். அவளுடைய பழைய டிஸ்க் ஒன்று அதே டிராயரில் வலது பக்கம் இருக்குமே, அதை ஏன் எடுக்கவில்லை என்றாள். இருந்ததுதான். அதில் இவர் பாப்பா என்று எழுதி ஒட்டியிருந்தார்.

என் கணவர் டிஸ்க்கைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இது என் கையெழுத்து இல்ல. வீடியோக்காரர்கிட்ட குடுக்கும்போதே க்ளப் செக்ரட்டரி எழுதினது" என்று மட்டும் சொன்னார். சட்டையை மாட்டிக்கொண்டார். "வா, போய்ச் சொல்லிட்டு வந்துடலாம்" என்றார். திட்டியிருந்தால் நானும் பதிலுக்கு நாலு சொல்லி நிம்மதியாக இருந்திருப்பேன்.

க்ளப்பில் செக்ரட்டரியும் இன்னும் ஐந்தாறு பேரும் இருந்தார்கள். என் கணவர் பேச ஆரம்பித்தபோது நான் முந்திக்கொண்டு, எனக்குத் தெரிந்த வங்காளியில், நான்தான் அழித்தேன், வீடியோ கேம் ஆடுவதற்காக அழித்தேன் என்று சொல்லிவிட்டேன். செக்ரட்டரி இரண்டு கையையும் தலையில் வைத்துக்கொண்டார். என் மகளைவிடப் பத்து வயது பெரியவர், என்னைச் சித்தி என்கிற அர்த்தத்தில் காகீமா என்று கூப்பிடுகிறவர்.

"காகீமா, காளின்னு எழுதியிருக்கேனே. அம்மா பேரைப் பாத்துமா அழிச்சீங்க?"

"எங்க ஊர்ல அப்படி எழுதினா ஒண்ணும் இல்லைன்னு அர்த்தம்ப்பா."

"ஒண்ணும் இல்லைன்னா அது க்ஹாலி. கேவுக்கு அப்புறம் ஹெச் வரணும். ஹெச் எங்க?"

"எங்களுக்கு அந்த ஹெச்சே கிடையாது."

எங்களுக்கு ல வேறு, ள வேறு, அம்மனுக்கு வருவது இரண்டாவது, டப்பாவுக்கு வருவது முதலாவது என்று விளக்கினேன். ஒரு கிழவர் நாக்கை மடித்து ள சொல்லிப் பார்த்தார். வரவில்லை. இன்னொருவர் முயன்றார். சற்று நேரத்தில் க்ளப் முழுவதும் நாக்கை மடித்துக்கொண்டிருந்தது. செக்ரட்டரிக்கே சிரிப்பு வந்துவிட்டது. வீடியோக்காரரிடம் நகல் இல்லை என்பது போன் போட்டதில் தெரிந்தது. அந்த ஏழு வருஷமும் போனது போனதுதான். கடைசியில் தெருவில் இருக்கிற எல்லோர் போனிலும் கிடப்பதைச் சேகரிப்பது என்று முடிவானது. சேகரிக்கிற வேலையை என் தலையில் கட்டினார்கள். பொறுக்குகிற வேலை அவரிடமே இருந்தது.

திரும்பி வரும்போது நான் இரண்டடி பின்னால் நடந்தேன். மெட்ரோ ஸ்டேஷனுக்குப் பக்கத்தில், சாயங்காலக் கூட்டத்தின் நடுவில் அவர் திடீரென்று நின்றார். ஆட்கள் எங்கள் இரண்டு பேரையும் இடித்துக்கொண்டு போனார்கள். இப்போது வரப் போகிறது என்று நினைத்தேன்.

"அப்ப நான் பஸ்ல விடல" என்றார்.

"இல்லைங்க."

"வீட்டுக்குக் கொண்டுவந்தேன்."

"கொண்டுவந்தீங்க."

"நானேதான் வெச்சேன். எங்க வெச்சேன்?"

"மேல் டிராயர்ல. இடது பக்கம்."

அவர் மூச்சை இழுத்து விட்டார். கண் கலங்கியிருந்தது, ஆனால் முகம் சிரித்துக்கொண்டிருந்தது. என் மேல் கோபப்பட வேண்டும் என்பதே அவருக்குத் தோன்றவில்லை.

"இன்னொரு தடவை சொல்லு" என்றார்.

சொன்னேன்.